இரண்டு நெடுவரிசை போதாது: மையக் கருவிக்கூடப் பொறுப்பாளர்களுக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய பொறுப்பாளர்களுக்கு,

வணக்கம். திண்மப் பொருள்களின் ஒளிர்வை ஆராயும் மாணவர்களில் பலர் ஒளிர்வுமானியை (பொருள் உமிழும் ஒளியை அலைநீள வாரியாக அளக்கும் கருவி) நேரில் தொட்டதில்லை. பொடியைச் சிறு குப்பியில் அடைத்து, படிவம் நிரப்பி, கட்டணம் கட்டி உங்கள் கூடத்துக்கு அனுப்பிவிடுகிறார்கள். திரும்பி வருவது ஒரு படமும் இரண்டு நெடுவரிசை எண்களும்: அலைநீளம், ஒளிச்செறிவு. ஸ்லிட் (ஒளி கடக்கும் பிளவு) எவ்வளவு திறந்திருந்தது, எந்த ஃபில்டர் போடப்பட்டது, டிடெக்டர் (ஒளி உணரி) திருத்தம் நடந்ததா என்று எதுவும் அதில் இருப்பதில்லை. கிளர்வுற்ற (ஒளியை உறிஞ்சி உயர் ஆற்றல் பெற்ற) எலக்ட்ரான் எங்கே போனது, எவ்வளவு நேரம் தங்கியது என்ற முடிவெல்லாம் பிறகு இந்த எண்களிலிருந்துதான் எடுக்கப்படுகிறது.

எங்கள் கோரிக்கை இதுதான்: திருத்தாத எண்ணிக்கையும் அளந்த நிலைமைகளும் சேர்ந்த கோப்பாகத் தரவைக் கொடுங்கள். இது இல்லாததால் என்னென்ன கெடுகிறது என்பதைக் கீழே சொல்கிறோம்.

துத்தநாக ஆக்ஸைடு நானோபொடியை 280 நானோமீட்டரில் கிளர்த்துகிறோம் என்று வையுங்கள். பொடி ஒளியை நன்றாகச் சிதறடிக்கும். சிதறிய 280, உமிழ்வுப் பக்கத்து மோனோகுரோமேட்டருக்குள் (ஓர் அலைநீளத்தை மட்டும் பிரித்தெடுக்கும் பகுதி) நுழைந்து, கிரேட்டிங்கின் (ஒளியைப் பிரிக்கும் நுண்வரித் தகடு) இரண்டாம் வரிசையில், அதாவது இரட்டிப்பு அலைநீளமான 560 என்ற இடத்தில் முகடாக எழும். துத்தநாக ஆக்ஸைடின் குறைபாட்டு ஒளிர்வும் ஏறத்தாழ அந்தப் பகுதியில்தான் விரிந்து கிடக்கிறது. ஆகவே அந்த முகட்டுக்கு "ஆக்சிஜன் வெற்றிடம்" (படிகத்தில் ஆக்சிஜன் அணு விடுபட்ட இடம்) என்று பெயர் வைப்பது மிக எளிது. சோதிக்கும் வழியும் எளிதுதான். கிளர்வை 285க்கு மாற்றுங்கள். முகடு 570க்கு நகர்ந்தால் அது பொருளின் ஒளி அல்ல, விளக்கின் ஒளி. மாதிரிக்கும் உமிழ்வு மோனோகுரோமேட்டருக்கும் இடையில் 320 நானோமீட்டருக்கு மேற்பட்ட ஒளியை மட்டும் விடும் லாங்-பாஸ் ஃபில்டர் ஒன்றைச் செருகினால் அது அங்கேயே நின்றுவிடும். சில கண்ணாடி ஃபில்டர்கள் தாமே லேசாக ஒளிரும் என்பதால், மாதிரிக்குப் பதில் பேரியம் சல்பேட் பொடியை வைத்து வெற்று ஓட்டம் ஒன்றும் வேண்டும்.

கிளர்வு நிறமாலையில் இதே பிழை இன்னும் நயவஞ்சகமாக வருகிறது. யூரோப்பியம் கலந்த ஒளிர்பொருளுக்கு உமிழ்வை 611இல் நிறுத்தி, கிளர்வை 220 முதல் 550 வரை ஓட்டுவது வழக்கம். ஃபில்டர் இல்லையென்றால் 305.5 நானோமீட்டரில் ஒரு கூர்முனை முளைக்கும், ஏனென்றால் அதன் இரட்டிப்பு 611. தாய்ப்பொருளில் (யூரோப்பியத்தைத் தாங்கும் படிகத்தில்) கடோலினியம் இருந்தால் தொல்லை இரண்டு மடங்கு. கடோலினிய அயனிக்கு 306 முதல் 313 வரை உண்மையாகவே கோடுகள் உண்டு. "கடோலினியத்திலிருந்து யூரோப்பியத்துக்கு ஆற்றல் கடத்தல்" என்ற முடிவு அந்த ஒற்றைப் பொய்முனையின் மேல் நின்றுவிடக்கூடும்.

அடுத்தது விளக்கு. செனான் விளக்கின் ஒளி சீரானதல்ல. 450 முதல் 500 வரையிலான பகுதியில் கூர்மையான கோடுகள் உண்டு, 467 அவற்றில் முக்கியமானது. யூரோப்பியத்தின் ஓர் உட்கவர்கோடு (அது ஒளியை உறிஞ்சும் அலைநீளம்) 465க்குப் பக்கத்தில் இருப்பது துரதிர்ஷ்டம். விளக்கின் ஒளியைத் தனியே அளக்கும் ரெஃபரன்ஸ் டிடெக்டரின் அளவால் வகுக்காத நிறமாலையில் 394 முகட்டோடு ஒப்பிட 465 முகடு பெருத்துத் தெரியும். இந்தப் பொருள் நீல எல்இடிக்கு ஏற்றது என்று எழுதுவதற்கு முன் அந்தப் பெருக்கத்தில் விளக்கின் பங்கு எவ்வளவு என்று பார்க்க வேண்டாமா? வகுப்பதிலும் ஒரு ஆபத்து இருக்கிறது. 250க்குக் கீழே விளக்கின் ஒளி மெலிந்துவிடுவதால், சிறிய எண்ணால் வகுத்து இரைச்சலையே முகடாக்கிவிடலாம். திருத்தாத எண்களையும் சேர்த்துக் கேட்பது இதனால்தான்.

டிடெக்டருக்கும் தனி விருப்பு வெறுப்பு உண்டு. பரவலாகப் புழங்கும் ஆர்928 வகை ஃபோட்டோமல்டிப்ளையர் (மெல்லிய ஒளியையும் பெருக்கி அளக்கும் டிடெக்டர்) 900 வரை பார்க்கும் என்று விவரப்பட்டியலில் இருக்கும். 850ஐத் தாண்டியதும் அதன் உணர்திறன் செங்குத்தாக விழுந்துவிடும். அகன்ற அகச்சிவப்பு உமிழ்வு அங்கே "முடிந்துவிட்டது" போலத் தோன்றினால், முடிந்தது டிடெக்டர்தான். நியோடிமியத்தின் 1064ஐப் பார்க்க இண்டியம் காலியம் ஆர்சனைடு டிடெக்டர் வேண்டும். அளவுத்திருத்தம் செய்த டங்ஸ்டன் ஹாலஜன் விளக்கைக் கொண்டு உருவாக்கிய திருத்தக் கோப்பு எந்தத் தேதியுடையது என்பதையும் மாணவருக்குச் சொல்லுங்கள். கிரேட்டிங்கையோ டிடெக்டரையோ மாற்றிய பிறகு பழைய கோப்பு செல்லாது.

இங்கே மாணவர்கள் பக்கத்துப் பிழை ஒன்றையும் சொல்லியாக வேண்டும். அகன்ற பட்டையைப் பல காஸ் (மணி வடிவ) வளைவுகளாகப் பிரிப்பவர்கள் 1239.84ஐ அலைநீளத்தால் வகுத்து அச்சை எலக்ட்ரான் வோல்ட்டுக்கு மாற்றுகிறார்கள். செங்குத்து அச்சை அப்படியே விட்டுவிடுகிறார்கள். சம அகல அலைநீளத் துண்டுகள் ஆற்றல் அச்சில் சம அகலமாக இருப்பதில்லை. ஒளிச்செறிவை அலைநீளத்தின் இருமடியால் பெருக்கியாக வேண்டும். 2.10 எலக்ட்ரான் வோல்ட்டை மையமாகவும் 0.5 எலக்ட்ரான் வோல்ட்டை அரை உயர அகலமாகவும் கொண்ட பட்டையை எடுத்துக்கொள்ளுங்கள். 2.10 என்பது 590 நானோமீட்டர். அலைநீள அச்சில் வரைந்தால் முகடு 579இல் தெரியும். அந்த 11 நானோமீட்டர் கணக்குப் பிழைக்குத் தனியாக ஒரு குறைபாட்டு மட்டத்தைக் கண்டுபிடித்தவர்களும் இருக்கக்கூடும்.

ஸ்லிட்டுக்கு மாணிக்கக் கல்லே நல்ல சோதனை. 1960இல் மைமன் முதல் லேசரை இயக்கியது மாணிக்கத்தின் 694.3 நானோமீட்டர்க் கோட்டில்தான். அதன் இணைக்கோடு 692.8இல் இருக்கிறது. உமிழ்வு ஸ்லிட் 5 நானோமீட்டருக்குத் திறந்திருந்தால் இரண்டும் ஒரே மேடாகிவிடும். 300 மில்லிமீட்டர் குவியத்தூரமும் மில்லிமீட்டருக்கு 1200 வரிகளும் கொண்ட மோனோகுரோமேட்டரில் ஒரு மில்லிமீட்டர் ஸ்லிட்டுக்கு ஏறக்குறைய 2.7 நானோமீட்டர் பட்டை கிடைக்கும், 0.1 மில்லிமீட்டர் வைத்தால் கோடுகள் தெளிவாகப் பிரியும். ஒளி போதவில்லையென்றால் கிளர்வு ஸ்லிட்டைத் திறக்கலாம், உமிழ்வு ஸ்லிட்டைத் தொட வேண்டாம். ஒரு செயற்கை மாணிக்கத் துண்டைக் கூடத்தில் வைத்துக்கொண்டு வாரம் ஒருமுறை ஓட்டிப் பார்த்தால், அலைநீள அளவு வழுவியிருந்தாலும் தெரிந்துவிடும்.

கவுண்ட் (எண்ணப்படும் ஃபோட்டான்கள்) மிகுந்துபோவதும் சிக்கல்தான். ஃபோட்டான்களை எண்ணும் அமைப்பில் ஒவ்வொரு துடிப்புக்குப் பிறகும் ஒரு டெட் டைம் (அடுத்ததை எண்ண முடியாத இடைவேளை) உண்டு. அது 50 நானோநொடி என்றால், நொடிக்கு 40 லட்சமாக வரும் ஒளி 33 லட்சமாகப் பதிவாகும். 4 லட்சம் ஏறத்தாழ 3.9 லட்சமாகப் பதிவாகும். உண்மையில் 10 ஆக இருக்கும் விகிதம் 8.5 ஆகச் சுருங்கிவிடும். யூரோப்பியத்தின் 611, 590 முகடுகளின் விகிதத்தைத்தான் அயனியின் சுற்றுச்சூழல் சமச்சீரானதா என்று அறியவும், 1962இல் ஜட், ஓஃபெல்ட் இருவரும் தனித்தனியே முன்வைத்த, அருமண் அயனிகளின் கோடுகளுக்கு எவ்வளவு வலிமை என்று கூறும் கோட்பாட்டின் கெழுக்களைக் கணக்கிடவும் பயன்படுத்துகிறார்கள். பத்து விழுக்காடு மட்டும் விடும் நியூட்ரல் ஃபில்டரைப் போட்டதும் கவுண்ட் பத்தில் ஒன்றாகக் குறைகிறதா என்று பார்ப்பது ஐந்து நிமிட வேலை.

ஒளிர்வு ஆயுள் (கிளர்வு நின்ற பிறகு ஒளி மங்க எடுக்கும் நேரம்) அளவீட்டில்தான் மௌனம் அதிகச் சேதம் செய்கிறது. இட்ரியம் ஆக்ஸைடில் யூரோப்பியத்தின் ஆயுள் சுமார் ஒரு மில்லிநொடி. நொடிக்கு 1000 துடிப்பு என்று விளக்கை ஓட்டினால் முந்தைய துடிப்பின் ஒளி அணையும் முன்பே அடுத்தது வந்துவிடும். 100 துடிப்பு போதும். மறுமுனையில், ஒற்றை ஃபோட்டான்களை நேரம் குறித்து எண்ணும் முறையில் ஒவ்வொரு துடிப்புக்கும் முதல் ஃபோட்டான் மட்டுமே பதிவாகிறது. வீதம் கூடினால் பிந்தி வருபவை விடுபட்டு, ஆயுள் குறைந்ததாகத் தெரியும். டிடெக்டர் வீதம் துடிப்பு வீதத்தில் 1 முதல் 2 விழுக்காட்டுக்குள் இருக்க வேண்டும். 10 லட்சம் துடிப்புக்கு 20,000 கவுண்ட்தான் உச்சம். கருவியின் சொந்தத் துலங்கல் வளைவை (துடிப்பைக் கருவி எவ்வளவு நேரம் பரப்பிக் காட்டுகிறது என்பது)ச் சிதறல் மாதிரி கொண்டு அதே நாளில் எடுத்து உடன் அனுப்புங்கள். ஒரு நானோநொடி அகலமுள்ள எல்இடியால் அளந்துவிட்டு 0.2 நானோநொடி ஆயுளைச் சொல்பவரை அந்த ஒரு வளைவே தடுத்து நிறுத்தும்.

சராசரி ஆயுள் எந்தச் சராசரி என்பதையும் எழுதச் சொல்லுங்கள். 1, 10 நானோநொடி கொண்ட இரண்டு கூறுகள் சம வீச்சில் இருந்தால், வீச்சு எடையில் 5.5 வரும், ஒளிச்செறிவு எடையில் 9.2 வரும். இரண்டும் சரிதான், ஆனால் ஒன்றை மற்றொன்றோடு ஒப்பிடக்கூடாது.

குவாண்டம் திறனுக்கு (உறிஞ்சிய ஃபோட்டான்களில் ஒளியாகத் திரும்புபவற்றின் பங்கு) 1997இல் டி மெல்லோ, விட்மன், ஃபிரெண்ட் வகுத்த மூன்று அளவீட்டு முறை இருக்கிறது; எல்லாத் திசை ஒளியையும் சேர்க்கும், உள்ளே வெள்ளை பூசிய கோளத்தில் அது நடக்கிறது: வெற்றுக் கோளம், மாதிரி உள்ளே இருந்தும் கற்றை சுவரில் படும் நிலை, கற்றை மாதிரியின் மேல் படும் நிலை. நடுவிலுள்ளதை விட்டுவிட்டு எண் தருவதாக இருந்தால் அதைக் குறிப்பிட்டாவது விடுங்கள். கோளத்தின் வெள்ளைப் பூச்சில் முந்தைய மாதிரியின் பொடி ஒட்டியிருந்தால் அதுவும் ஒளிரும்.

இதற்கெல்லாம் நேரம் ஏது என்று கேட்பீர்கள். 1940களில் பெங்களூரில் ராமனின் ஆய்வகத்தில் வைரங்களின் ஒளிர்வையும் உட்கவர்தலையும் ஆராய்ந்த அன்னா மணி, ஒரு நிறமாலைத் தட்டுக்கு 15 முதல் 20 மணி நேரம் வரை ஒளி படவிட வேண்டியிருந்தது. முப்பதுக்கும் மேற்பட்ட வைரங்களை அப்படி ஆராய்ந்தார். நாங்கள் கேட்கும் கூடுதல் வேலை மாதிரிக்கு அரை மணி நேரத்துக்குள் முடியும்.

தடையாக இருப்பது கட்டண முறை என்று கருதுகிறோம். மாதிரிக்கு இவ்வளவு என்று வசூலிக்கும்போது, அருமண் (யூரோப்பியம் போன்ற தனிமம்) சேர்க்காத தாய்ப்பொருளையும் அளக்க மாணவர் இன்னொரு கட்டணம் கட்ட வேண்டியிருக்கிறது, கட்ட மாட்டார். தாய்ப்பொருளும் வெற்று ஓட்டமும் அடங்கிய தொகுப்புக்கு ஒரே கட்டணம் வையுங்கள். கோப்பில் நான்கு நெடுவரிசை இருக்கட்டும்: அலைநீளம், திருத்தாத கவுண்ட், ரெஃபரன்ஸ் டிடெக்டர் அளவு, திருத்திய கவுண்ட். அவற்றுக்கு மேலே கிளர்வு அலைநீளம், இரண்டு ஸ்லிட்டுகளின் பட்டை அகலம், ஃபில்டர், படி அளவு, ஒரு புள்ளிக்கான நேரம், டிடெக்டர் வகை, திருத்தக் கோப்பின் தேதி, மாதிரியின் வெப்பநிலை ஆகியவை வரட்டும். கருவியின் மென்பொருள் இவற்றில் பெரும்பாலானவற்றை ஏற்கெனவே சேமித்துத்தான் வைக்கிறது. ஏற்றுமதி செய்யும்போது அந்தத் தலைப்புப் பகுதியை நீக்காமல் விட்டாலே பாதி வேலை முடிந்துவிடும்.

இப்படிக்கு,
திண்மப் பொருள் ஒளிர்வு அளவீட்டில் ஈடுபட்டுள்ள ஆய்வாளர்கள்