விழாவுக்கு ஏற்ப மாறும் படிவம் வேண்டும்

ஆசிரியர் அவர்களுக்கு,

ஏற்காடு கோடை விழாவில் நாய்க் கண்காட்சி உண்டு, படகுப் போட்டி உண்டு, கொழுகொழு குழந்தைப் போட்டியும் நடந்திருக்கிறது. முன்பதிவுப் படிவத்தில் நாய்க்குத் தடுப்பூசி போட்ட தேதி வேண்டும். படகுக்கு ஆண்கள், பெண்கள், தம்பதியர் என்று பிரிவு வேண்டும். குழந்தையின் வயதை மாதக் கணக்கில் கேட்க வேண்டும். இவை எல்லாவற்றுக்கும் ஒரே முன்பதிவு மென்பொருள் போதும். சேலத்தில் கல்லூரி விழாக்களுக்கு இத்தகைய மென்பொருள் எழுதித் தருபவள் என்ற முறையில் இதை உறுதியாகச் சொல்கிறேன். கேள்விகளை நிரலுக்குள் புதைக்காமல் தனி அட்டவணையில் வைத்தால், விழாக் குழுவினரே அவற்றைச் சேர்க்கலாம், எது கட்டாயம் என்று குறிக்கலாம். அட்டவணையைப் படித்து மென்பொருள் படிவத்தை உருவாக்கிக்கொள்ளும். ஆனால் பதிவு தொடங்கிய பிறகு எந்தக் கேள்வியையும் அழிக்கக் கூடாது, மறைக்கத்தான் வேண்டும். அழித்தால், முன்பே வந்த விடைகள் எதற்கு உரியவை என்று தெரியாமல் போகும்.

இந்த அட்டவணையை எழுத இப்போது செயற்கை நுண்ணறிவு உதவுகிறது. "நாய்க் கண்காட்சிக்குப் படிவம் தயார் செய்" என்று மாணவர்கள் ஒரே வரியில் கேட்கிறார்கள். குடும்பப் பெயர் கட்டாயம், மின்னஞ்சல் கட்டாயம் என்று விடை வருகிறது. தலைப்பெழுத்தும் பெயருமாக எழுதும் நமக்குக் குடும்பப் பெயர் ஏது? சேர்வராயன் மலைக் கிராமத்து விவசாயியை மின்னஞ்சல் இல்லை என்பதற்காகத் திருப்பி அனுப்புவதா?

நான் சொல்லித்தரும் ப்ராம்ப்ட், அதாவது செயற்கை நுண்ணறிவுக்கு நாம் எழுதித் தரும் கட்டளை, நீளமானது: "பதிவு செய்பவர் நாயின் உரிமையாளர். பெயருக்கு ஒரே கட்டம், தலைப்பெழுத்து அதிலேயே வரும். கைப்பேசி எண் போதும். வெறிநாய்க்கடித் தடுப்பூசித் தேதி கட்டாயம். நான் சொல்லாத விதியை நீயாகச் சேர்க்காதே. ஐயம் இருந்தால் என்னிடம் கேள்." கடைசி இரண்டு வரிகள் இருந்தும் சில நேரம் சொல்லாத விதி நுழைந்துவிடுகிறது. ஆகவே கற்பனைப் பெயர்களை நிரப்பிப் பார்த்த பிறகே படிவத்தை வெளியிட வேண்டும். உண்மையான பங்கேற்பாளர் பட்டியலை ப்ராம்ப்டில் ஒட்டவே கூடாது. 2023ஆம் ஆண்டின் டிஜிட்டல் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம் 18 வயது நிறையாத எல்லோரையும் குழந்தைகள் என்றே கொள்கிறது. அவர்களின் விவரங்களுக்குப் பெற்றோரின் ஒப்புதல் தேவை என்கிறது. பள்ளி மாணவர் போட்டி நடத்துவோர் இதைக் கவனிக்க வேண்டும்.

சேலத்துக் கல்லூரிகள் ப்ராம்ப்ட் பயிற்சியைத் தமிழிலேயே, நம் ஊர் விழாக்களின் விதிகளை வைத்தே நடத்தட்டும். அதற்கு வசதியாக, கோடை விழாப் போட்டி விதிகளைச் சில வாரங்கள் முன்னதாகவே தமிழில் வெளியிடுமாறு விழா நடத்துவோரைக் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
ஒரு வாசகி,
அஸ்தம்பட்டி, சேலம்.