ருக்கியாவின் படங்கள் எங்கே? ஒரு பட்டியலாவது தாருங்கள்

இந்தோனேசியாவின் பழைய திரைப்படங்களைக் காக்கும் பொறுப்பில் உள்ள பெரியோர்களுக்கு,

வணக்கம். மார்ச் 30 வந்தால் தேசியத் திரைப்பட நாள் கொண்டாடுகிறீர்கள். 1950இல் இயக்குநர் உஸ்மார் இஸ்மாயில் படப்பிடிப்பு தொடங்கிய நாள், கொண்டாட வேண்டியதுதான். அதற்கு முன்பும் அங்கே படம் எடுத்தார்கள், ஜனங்கள் பார்த்தார்கள் என்பது நான் சொல்லி உங்களுக்குத் தெரியவேண்டியதில்லை.

நடிகை ருக்கியாவின் படங்கள் எங்கே என்று கேட்கவே இந்த மடல். 1937இல் வந்த ‘தெராங் புலான்’ படத்தில், அபின் வியாபாரியைக் கட்டிக்கொள்ள மனமில்லாமல் காதலனோடு மலாக்காவுக்கு ஓடிப்போகும் பெண்ணாக வந்தார். மலாயாவிலும் படம் சக்கைப்போடு போட்டது. அப்புறம் ‘ஃபாத்திமா’, ‘சித்தி அக்பரி’ என்று வரிசையாக நடித்தார். அவரை ஹாலிவுட் நடிகை டோரதி லாமூருக்கு இணையாகப் பேசினார்கள். லாமூரை நான் இன்றைக்கும் திரையில் பார்க்கலாம். ‘தெராங் புலானை’ப் பார்க்க வழியில்லை, அழிந்துவிட்டது என்கிறார்கள். ருக்கியா என்றால் எனக்குச் சில புகைப்படங்கள் மட்டும்தான்.

அவருடைய கடைசி மாதங்களை நினைத்தால் மனசு ஆறவில்லை. 1945 தொடக்கத்தில் கடைசிக் குழந்தை பிறந்த கொஞ்ச நாளில் நோயில் விழுந்தார். கருச்சிதைவும் ஆனது. அந்த உடம்போடு, கணவர் கார்த்தோலோவையும் அவரையும் சுராபாயாவுக்கு நாடகம் போடக் கிளப்பினார்கள், அப்போது நாட்டைப் பிடித்து வைத்திருந்த ஜப்பானிய அதிகாரிகள். ஜகார்த்தா திரும்பியவர் படுக்கையை விட்டு எழவில்லை. செப்டம்பர் 2ஆம் தேதி, 27 வயதில் இறந்தார். நாடு சுதந்திரம் அறிவித்து இரண்டு வாரம்தான் ஆகியிருந்தது. அந்த அமளியிலும் கல்வி அமைச்சர் கி ஹஜார் தேவந்தாரா அடக்கத்துக்கு வந்தார். ஒரு நடிகைக்காக அமைச்சர் நேரம் ஒதுக்கிய காலம் அது!

என் கோரிக்கை ஒன்றுதான்: அவர் நடித்த படங்களில் எது மிச்சம், எத்தனை சுருள், என்ன நிலையில் என்று ஒரு பட்டியல் வெளியிடுங்கள். இருப்பதை டிஜிட்டலாக்குங்கள். அந்தக் கால நைட்ரேட் சுருள் தீப்பிடிக்கும், பிசுபிசுத்து ஒட்டிக்கொள்ளும், கடைசியில் பொடியாகும். பின்னால் வந்த அசிட்டேட் சுருளோ வினிகர் வாசனை அடித்துச் சுருங்கும். குளிரூட்டிக்குப் பணம் வரட்டும் என்று எந்தச் சுருளும் காத்திருக்காது.

உஸ்மார் இஸ்மாயிலின் பழைய படம் ‘லெவாட் ஜாம் மாலாம்’ 2012இல் சீரமைக்கப்பட்டு மறுபிறவி எடுத்ததே, யார் காசில்? சிங்கப்பூர் தேசிய அருங்காட்சியகமும் உலகத் திரைப்பட அறக்கட்டளையும் கைகொடுக்க, இத்தாலியில் வேலை நடந்து, கான் திரைப்பட விழாவில் திரையிட்டார்கள். அடுத்த படத்துக்கும் பக்கத்து வீட்டுக்காரர்தான் வரவேண்டுமோ? விழா மேடைக்கும் பதாகைக்கும் மட்டும் எங்கும் பணத்துக்குத் தட்டுப்பாடு வருவதில்லை.

சரி, கோபத்தில் எழுதிவிட்டேன், பொறுத்துக்கொள்ளுங்கள். முதலில் அந்தப் பட்டியலைத் தாருங்கள். உங்களிடம் இல்லாத படங்களுக்கு நெதர்லாந்து, மலேசியா, சிங்கப்பூர், ஜப்பான் காப்பகங்களுக்கு முறைப்படி எழுதிக் கேளுங்கள். ஒன்றுமே மிஞ்சவில்லை என்றால் அதையும் வெளிப்படையாகச் சொல்லிவிடுங்கள்.

பணிவுடன்,
ஒரு பழைய பட ரசிகன்