மஞ்சள் பை

அன்புள்ள பாப்பாவுக்கு,

அப்பா எழுதுகிறேன். எதிர்வீட்டு அண்ணன் லீவு முடிந்து வெள்ளிக்கிழமை பஹ்ரைனுக்கு, மனாமா திரும்புகிறார். அவர் கையில் இதைக் கொடுத்துவிடுகிறேன். நார்த்தங்காய் ஊறுகாய், முறுக்கு, அம்மா தைத்த தலையணை உறை எல்லாம் அதே பெட்டியில் இருக்கிறது. ஊறுகாயில் எண்ணெய் கசியும், பார்த்துப் பிரி.

போனில் பேசலாம் என்றால், நீ அம்மாவோடு பேசி முடித்து நான் வாங்கும்போது "டூட்டிக்கு நேரமாச்சுப்பா" என்று வைத்துவிடுகிறாய். ஐந்து வாரமாக இப்படித்தான். லேப் வேலைக்கு நேரம் காலம் கிடையாது, எனக்குத் தெரியும். குறையாகச் சொல்லவில்லை. இங்கே எல்லாரும் சௌக்கியம். வயலில் உளுந்து நிற்கிறது. அம்மாவுக்கு முட்டி வலி பரவாயில்லை.

முதலில் ஒன்று சொல்லிவிடுகிறேன். போனில் எதையும் போடாதே. உன் அத்தை மகன் காட்டினான், பிப்ரவரி 14 அன்று நீ ஸ்டேட்டஸில் வைத்திருந்த படத்தை. வளைந்த ஆறு தூண், உச்சியில் முத்து. கீழே ஒரு எழுத்துகூட இல்லை. எழுத்து இல்லாவிட்டால் என்ன, அந்தத் தேதியையும் அந்தப் படத்தையும் சேர்த்துப் படிக்கத் தெரிந்தவர்கள் அங்கே சம்பளம் வாங்கிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார்கள். நபீல் ரஜப் எவ்வளவு பெரிய மனித உரிமைக்காரர், உலகமே அறிந்தவர். அவரையே ட்விட்டரில் எழுதியதற்காக 2018-ல் 5 வருஷம் என்று தீர்ப்புச் சொன்னார்கள். ஜோ சிறையில் அடிக்கிறார்கள், யேமனில் குண்டு போடுவது தப்பு, இதுதான் அவர் எழுதியது. சொந்த ஊர்க்காரருக்கே அப்படி. நீ விசாவில் இருக்கிற பெண். உன்னை ஜெயிலில்கூடப் போட வேண்டாம், ஒரு முத்திரை குத்தி விமானத்தில் ஏற்றிவிட்டால் போதும்.

2024 ஏப்ரலில் மன்னர் 1,584 பேரை மன்னித்து விட்டார், காலம் மாறிவிட்டது என்று நீ அம்மாவிடம் சொன்னாயாம். வெளியே வந்தவர்களைப் பார்த்து எனக்கும் சந்தோஷம்தான். ஆனால் இன்னொரு மனித உரிமைக்காரர் அப்துல் ஹாதி அல் கவாஜா இன்னும் உள்ளேதானே இருக்கிறார்? 2012-ல் 110 நாள் பட்டினி கிடந்தாரே, அவர்தான். எதிர்க்கட்சியான விஃபாக்கின் தலைவர் அலி சல்மானும் உள்ளேதான். அந்தக் கட்சி 2010 தேர்தலில் 40 இடத்தில் 18 ஜெயித்தது. 2016-ல் கட்சியையே கலைத்துவிட்டார்கள். அப்புறம் 2018-ல், கலைத்த கட்சியில் இருந்தவன் தேர்தலில் நிற்கவே கூடாது என்று சட்டம் போட்டார்கள். காலம் மாறியது அப்படித்தான். அதனால் போனில் எதுவும் போடாதே.

உன்மேல் எனக்குக் கோபம் இல்லை. சல்மானியா ஆஸ்பத்திரியில் பிறந்த பிள்ளை, அந்த ஊரைத் தன் ஊர் என்று நினைக்கிறாய். அதில் எனக்குப் பெருமைதான். 22 வருஷம் அங்கே சம்பாதித்தும் நான் அப்படி நினைத்ததில்லை. 2011-ல் உனக்கு வயது 12. குதைபியா வீட்டு மாடியில் நின்று ஹெலிகாப்டரை எண்ணிக்கொண்டிருந்தாய். என்னப்பா நடக்கிறது என்று கேட்டதற்கு, "அரபிகளுக்குள் சண்டை, நமக்கென்ன" என்று சொன்னேன். அது பொய். சண்டை இல்லை அது.

எனக்கு அது விவரமாகத் தெரியும். என்னோடு வேலை பார்த்த சித்ராத் தீவுக்காரர், நம் சித்ரா மாமாதான் சொல்லிக்கொடுத்தார். நான் வருகைப் பதிவு பார்த்த டைம் ஆபீஸ் மேஜையில் கரக் டீயை வைத்துக்கொண்டு, சீனிக்கட்டிகளை இரண்டு வரிசையாக அடுக்கிக் காட்டினார். 2001 பிப்ரவரியில் வாக்கெடுப்பு வைத்தார்கள். ஜனங்கள் தேர்ந்தெடுக்கிற நாடாளுமன்றம் வரும் என்று நம்பி 98.4 சதவீதம் பேர் சரி என்றார்கள். சரியாக ஒரு வருஷம் கழித்து, 2002 பிப்ரவரி 14-ல் அரசியல் சட்டம் வந்தது. அதில் ஓட்டு வாங்கி வருகிற 40 பேருக்குச் சமமாக, மன்னர் நியமிக்கிற இன்னொரு 40 பேர். அப்போது பிரதமர் யார் என்றால் மன்னரின் சித்தப்பா, 1971-ல் சுதந்திரம் வந்ததிலிருந்து அவரேதான். மாமா ஒரு வரிசைச் சீனியை எடுத்துத் தன் டீயில் போட்டுக் கலக்கிவிட்டு, "எங்கள் ஓட்டு இவ்வளவுதான்" என்றார். அவர் பாட்டனார் முத்துக் குளித்தவர். "என் மகன் ஷியா, அவனுக்கு போலீஸில் இடம் கிடையாது. வேறு நாட்டிலிருந்து ஆள் எடுத்து எங்கள்மேல் ஏவுகிறார்கள்" என்பார். அதைக்கூடக் கத்திச் சொல்ல மாட்டார்.

எங்களோடு வேலை பார்த்த இன்னொருவர் முஹரக் ஊர்க்காரர். அந்த முஹரக்காரர், ஆள்கிறவர்களைப் போலச் சுன்னி. அதைக் கேட்டுக்கொண்டு பக்கத்திலேயே உட்கார்ந்திருப்பார். மறுத்துப் பேசுவார், ஆனால் வெள்ளிக்கிழமை ஆனால் இரண்டு பேரும் ஒரே படகில் மீன் பிடிக்கப் போவார்கள். நீகூட ஒருமுறை போய் வாந்தி எடுத்தாய்.

அந்தச் சட்டம் வந்த பிப்ரவரி 14 அன்றுதான் 2011-ல் ஜனங்கள் கூடினார்கள். நீ ஸ்டேட்டஸில் வைத்த அந்த ஆறு தூண் நின்ற முத்துச் சதுக்கத்தில் கூடாரம் போட்டார்கள். 17-ம் தேதி விடியற்காலம், எல்லாரும் தூங்கும்போது போலீஸ் புகுந்து சுட்டது. நாலு பேர் செத்தார்கள். இரண்டு நாளில் ஜனங்கள் திரும்ப வந்துவிட்டார்கள். மார்ச் 14-ல் சவூதிப் படை பாலத்தைத் தாண்டி வந்தது, 15-ல் அவசரநிலை, 16-ல் சதுக்கம் காலி. 18-ம் தேதி அந்தத் தூண்களையே இடித்துத் தள்ளினார்கள். விழுந்த தூணுக்கடியில் கிரேன் ஓட்டினவர் நசுங்கிச் செத்தார். நம்மைப்போல் பிழைக்க வந்தவர். அந்தத் தூண் இருந்த 500 ஃபில்ஸ் காசைக்கூட விடவில்லை, புழக்கத்திலிருந்து எடுத்துவிட்டார்கள். ஒன்று என்னிடம் இருக்கிறது, சாமி அலமாரியில், குங்குமச் சிமிழுக்குப் பின்னால்.

சதுக்கத்தில் கவிதை படித்த ஆயத் அல் குர்மெஸிக்கு அப்போது வயது 20. ஒரு கவிதைக்கு ஒரு வருஷத் தண்டனை. உனக்கு இப்போது 26. நான் ஏன் திரும்பத் திரும்பச் சொல்கிறேன் என்று புரிகிறதா? போனில் எதையும் போடாதே.

சரி. நீ அனுப்பிய இன்னொரு படத்துக்கு வருகிறேன். ஐந்து வாரத்துக்கு முன்னால் வந்தது. ஒரு சுவர், ஒரு ஆணி, ஆணியில் நம் வீட்டு மஞ்சள் பை. நீயும் ஒன்றும் எழுதவில்லை. அம்மா பார்த்துவிட்டு, "ஐயோ, உங்க தங்கச்சி கல்யாணத் தாம்பூலப் பை! சித்ரா அண்ணன் இன்னும் வச்சிருக்காரே!" என்று அக்கம்பக்கத்துக்கெல்லாம் காட்டினாள். நான் கொல்லைப்பக்கம் போய்விட்டேன். தெரிந்துகொண்டு அனுப்பினாயா, சும்மா ஆசைக்கு அனுப்பினாயா? இந்த ஐந்து வாரமும் இதையேதான் நினைத்துக்கொண்டிருக்கிறேன். தெரியாமல் அனுப்பியிருந்தால், இதோ சொல்லிவிடுகிறேன்.

2011 மார்ச் 13-ல் தொழிற்சங்கங்கள் பொது வேலைநிறுத்தம் அறிவித்தன. நம் கம்பெனியிலும் பாதிப்பேர் வரவில்லை. தூணை இடித்து ஒரு வாரம் ஆனபின் என்னை மேலே கூப்பிட்டார்கள். வராதவர்கள் பட்டியல் கேட்டார்கள். கொடுத்தேன். அது என் வேலை, ரிஜிஸ்டரில் இருப்பது என்று இத்தனை நாள் எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். அதுவும் அப்படியல்ல, ஆனாலும் அதை விடு. அடுத்து ஒரு கட்டுப் படங்களை மேஜையில் வைத்தார்கள். சதுக்கத்துக் கூட்டம். தலைகளைச் சுற்றிச் சிவப்பு மையில் வட்டம். ஒரு படத்தில் ஒருவர் முதுகைக் காட்டி நிற்கிறார், தலையில் சால்வை. முகம் தெரியவில்லை. கையில் ரொட்டி நிறைந்த மஞ்சள் பை. அதில் சிவப்பு எழுத்தில் உன் அத்தை பெயரும் அவள் மாப்பிள்ளை பெயரும், கீழே நல்வரவு என்றும்.

"இது என்ன, மலையாளமா?" என்று கேட்டார் அந்த அதிகாரி.

"தமிழ்" என்றேன்.

அதோடு நிறுத்தியிருக்கலாம். இந்த மாதிரிப் பை ஊர் முழுக்க இருக்கும் சார் என்றால் யார் நம்பாமல் போயிருப்பார்கள்? அந்த அறையில் அதைப் படிக்கத் தெரிந்தவன் நான் ஒருத்தன்தான். மே மாதம் விசா புதுப்பிக்க வேண்டும். நீயும் அம்மாவும் ஊருக்குப் போய் பத்து நாள். நான் சித்ரா மாமாவின் பெயரைச் சொன்னேன். பேட்ஜ் நம்பரையும் சொன்னேன். பாப்பா, நம்பரை என்னிடம் யாரும் கேட்கவில்லை.

ஏப்ரலில் அவரை வேலையைவிட்டு நீக்கினார்கள். அந்த வருஷம் நாடு முழுக்க 4,000-க்கும் மேல் அப்படிப் போனார்கள். ஒரு வாரத்தில் நடுராத்திரி வீட்டுக்கு வந்து கூட்டிப்போய்விட்டார்கள். அதே மாதம்தான் அல் வசத் பத்திரிகையைத் தொடங்கியவர்களில் ஒருவரான கரீம் ஃபக்ராவி, காவலில் செத்துப்போனார். அந்தச் செய்தி வந்த ராத்திரி நான் தூங்கவில்லை. நவம்பரில், மன்னரே வைத்த விசாரணைக் குழுவான பஸ்ஸியூனி கமிஷனின் அறிக்கை வந்தது, காவலில் அடித்து ஐந்து பேர் செத்ததாக மன்னர் முன்னாலேயே வாசித்தார்கள். அந்த ஐந்தில் மாமா இல்லை என்பதற்காக நான் கோயிலுக்குப் போய் அர்ச்சனை செய்தேன். செய்தவனே போய் அர்ச்சனை செய்தேன்.

அதற்கு முன்பே, ஐந்து மாதத்தில் மாமாவை விட்டுவிட்டிருந்தார்கள். வலது காது கேட்காது என்பது உனக்கே தெரியும், எந்தப் பக்கம் நின்று பேசவேண்டும் என்று அவர் வீட்டில் சொல்லியிருப்பார்கள். மனாமா மீன் மார்க்கெட்டில் அவரை ஒரே ஒரு தடவை பார்த்தேன். இளைத்துப் போயிருந்தார். என் கையைப் பிடித்துக்கொண்டு உன்னையும் அம்மாவையும் விசாரித்தார். அப்புறம், "முஹரக்காரன் என்னை எழுதிக் கொடுத்துவிட்டான். சுன்னி, கடைசியில் அவன் புத்தியைக் காட்டிவிட்டான்" என்றார். நான் வாயைத் திறக்கவில்லை. அரைக் கிலோ சாஃபி மீன் வாங்கிக்கொண்டு வீட்டுக்கு வந்தேன். முஹரக்காரரின் சலாமுக்குச் சித்ராப் பக்கத்து ஆள் ஒருவரும் பதில் சொல்லவில்லை. அடுத்த வருஷம் அவர் வேலையை விட்டுப் போனார். போகும்போது என்னிடம் மட்டும், "நான் செய்யவில்லை, உனக்காவது தெரியுமா?" என்று கேட்டார். தெரியும் என்று தலையாட்டினேன். எப்படித் தெரியும் என்று அவர் கேட்கவில்லை.

அந்த ஊரை ஆள்கிறவர்கள் இரண்டு பக்கத்தையும் பிரித்துத்தான் ஆள்கிறார்கள் என்று நீ சொல்வாய். உண்மைதான். ஆனால் இந்த இரண்டு பேரைப் பிரித்தது நான்.

பெட்டியில் தலையணை உறைக்குள் இன்னொரு தாள் மடித்து வைத்திருக்கிறேன். எனக்குத் தெரிந்த ஆங்கிலத்தில் எழுதியிருக்கிறேன். அதை எடுத்துக்கொண்டு சித்ராவுக்குப் போ. அரபியில் சொல்லிப் படித்துக் காட்டு, இடது பக்கம் உட்கார்ந்து. போனில் படம் எடுக்காதே, யாருக்கும் அனுப்பாதே, தாளை அவரிடமே கொடுத்துவிடு. முதல் வரியிலேயே முஹரக்காரர் பெயரை எழுதி, அவர் இல்லை என்று எழுதியிருக்கிறேன். மாமா உன்னைத் திட்டினால் கேட்டுக்கொள். இனிமேல் வராதே என்றால் போகாதே. முஹரக்காரர் வீடு எங்கே என்று மட்டும் கேட்டு வா.

அம்மாவிடம் இன்று ராத்திரி சொல்லப்போகிறேன். அடுத்த தடவை நீ கூப்பிடும்போது அவள் அழுதால் காரணம் இதுதான், முட்டி வலி இல்லை.

அப்பா