எழுதிக்கொடுத்த பூமியா?

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

போன இதழில் புனித பூமி பற்றி வந்த கட்டுரையைப் படித்தேன். 1917-ல் பாலஸ்தீனத்தில் யூதர்களுக்குத் தாயகம் என்று பிரிட்டன் வாக்குக் கொடுத்த பால்ஃபர் பிரகடனம், 1948 போர், அதில் வீடு வாசலை விட்டு வெளியேறிய சுமார் ஏழு லட்சம் பாலஸ்தீனர்கள் என்று வரலாற்றை நன்றாகவே சொல்லியிருந்தார் கட்டுரையாளர். ஆனால் வேதாகமத்தை மட்டும், 'ஆபிரகாமுக்குக் கடவுள் எழுதிக்கொடுத்த நிலம்' என்று ஒரே வரியில் தாண்டிவிட்டார். முப்பது வருடம் பத்திரம் எழுதிப் பிழைத்தவன் நான். 'எழுதிக்கொடுத்த' என்ற சொல்லைப் பார்த்தால் கண் அங்கேயே நின்றுவிடும்.

மிஷன் பள்ளியில் படித்ததால் வேதாகமத்தின் முதல் நூலான ஆதியாகமம் கொஞ்சம் தெரியும். மனைவி சாராள் இறந்தபோது அடக்கம் செய்ய ஆறடி மண் இல்லாமல் நிற்கிறார் யூதர்களின் முற்பிதா ஆபிரகாம். அந்தக் கானான் தேசம் முழுவதையும் அவர் சந்ததிக்குத் தருவதாக வாக்கு ஏற்கெனவே வந்தாயிற்று. ஆனாலும் அந்த ஊர்க்காரர்களிடம், 'நான் அந்நியன், பரதேசி' என்று சொல்லித்தான் பேச்சையே தொடங்குகிறார். நிலத்துக்காரன் எபிரோன் சும்மாவே தருகிறேன் என்கிறான். இவர் ஒப்பவில்லை. 400 சேக்கல் வெள்ளியை ஊர்வாசலில் எல்லோர் முன்னிலையிலும் நிறுத்துக் கொடுத்து வாங்குகிறார். நிலம், அதிலுள்ள குகை, சுற்று எல்லைக்குள் இருக்கும் மரங்கள் எல்லாம் வரிசையாகச் சொல்லப்படுகின்றன. செக்குபந்தி என்கிற நான்கு எல்லை விவரம், மாவடை மரவடை என்கிற மரங்களின் விவரம், சாட்சி என ஒன்றுகூட விடுபடாத சுத்தக் கிரயம்! இந்தக் காலத்தில் பலருக்கு இவ்வளவு ஒழுங்காக எழுதத் தெரியாது, போகட்டும்.

ஹெப்ரோனில் இருக்கும் அந்த மக்பேலா குகையைத்தான் இன்றைக்கு யூதர் ஒரு பக்கமும் முஸ்லிம்கள் ஒரு பக்கமுமாகத் தடுத்துத் தொழுகிறார்கள். வேதாகமத்தின் இன்னொரு நூலான லேவியராகமம் இன்னும் கறார். நிலம் என்னுடையது, அறுதியாய் விற்காதீர்கள், நீங்கள் என்னிடத்தில் புறக்குடிகள் என்று கடவுளே சொல்கிறார். அப்புறம் பட்டா யார் பெயரில் இருக்கிறது? நாற்பது வருடம் இஸ்ரவேல் ஜனங்களை நடத்திவந்த மோசேகூட நேபோ மலைமேல் நின்று கானானைக் கண்ணால் பார்த்ததோடு சரி. உள்ளே கால் வைக்கவில்லை.

அதற்காக, மண்ணின்மேல் இருக்கும் பக்தியே பொய் என்று நான் சொல்ல வரவில்லை. எங்கள் வேலூர்க் கோட்டையையே பாருங்கள். என் சின்ன வயதில் அதற்குள் இருக்கும் ஜலகண்டேஸ்வரர் கோயிலில் பல தலைமுறையாகப் பூசை இல்லை, கருவறை காலியாகக் கிடந்தது. அங்கிருந்து எடுத்த லிங்கம் எங்கள் சத்துவாச்சாரியில் இருந்தது. என் ஆயா, அதாவது பாட்டி, லிங்கத்தைத் தினமும் இங்கேயே கும்பிடும். ஆனாலும் ஆடி, தை வெள்ளிகளில் என்னையும் இழுத்துக்கொண்டு பஸ் ஏறிக் கோட்டைக்குப் போகும். அகழியைத் தாண்டி, கல்யாண மண்டபத்து யாளிகளைப் பார்த்து நான் வாய் பிளந்து நிற்க, ஆயா நேரே உள்ளே போய் வெறும் இருட்டைப் பார்த்துக் கை கூப்பும். வௌவால் நாற்றம் குடலைப் புரட்டும். காவலாளி ஒருநாள், "சாமியே இல்லையேம்மா, யாரைக் கும்பிடுற?" என்று கேட்டார்.

"எடம் கீதுல்ல நைனா" என்றது ஆயா.

அந்த இடத்தின்மேல் அதற்கு இருந்த உரிமைக்குப் பத்திரம் கிடையாது, எல்லைக்கல் கிடையாது. அதே கோட்டைக்குள் மசூதி இருந்தது, 1846-ல் கட்டிய சர்ச்சும் இருந்தது. யாரையும் எழுப்பி அனுப்பினால்தான் தன் சாமி வரும் என்று ஆயா ஒருநாளும் சொன்னதில்லை. கட்டுரையாளர் பக்தியையும் பட்டாவையும் ஒரே கோப்பில் கட்டிவிட்டார் என்பதுதான் என் வருத்தம்.

1981 மார்ச் 16 அன்று லிங்கம் கோட்டைக்குத் திரும்பியது. கூட்டத்தில் நானும் இருந்தேன். ஆயா அதற்கு இரண்டு வருடம் முன்பே போய்ச் சேர்ந்துவிட்டது.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற பத்திர எழுத்தர்,
சத்துவாச்சாரி, வேலூர்.