குவானோ மூட்டைக்குப் பணம் கட்டும் முன்

சிங்கப்பூர்ச் சமூகத் தோட்டக் குழுக்களின் பொறுப்பாளர்களுக்கு,

வணக்கம். வீவக பேட்டைகளில் கீரையும் வெண்டையும் மிளகாயும் வளர்க்கும் குழுக்கள், கடற்பறவை அல்லது வௌவால் எச்சமான குவானோ உரத்தை மொத்தமாக வாங்கிப் பங்கிட்டுக்கொள்ள நினைப்பது இயல்பு. நல்ல உரம்தான். ஆனால் எந்த நாட்டில், எந்தக் குகையில் அல்லது தீவில் எடுத்தது, தழைச்சத்தும் (நைட்ரஜன்) மணிச்சத்தும் (பாஸ்பரஸ்) எத்தனை விழுக்காடு என்று சொல்லாத மூட்டையை வாங்காதீர்கள். இதுவே எங்கள் வேண்டுகோள்.

முதலில் சத்து. பெரு நாட்டுக் கடலோரத் தீவுகளில் மழை அரிது. அதனால் அங்குள்ள கடற்பறவை எச்சத்தில் தழைச்சத்து கரைந்து போகாமல் 10 விழுக்காட்டுக்கு மேலும் நிற்கிறது. பூச்சி தின்னும் வௌவாலின் புது எச்சமும் ஏறக்குறைய அப்படித்தான். ஈரக் குகையில் நெடுங்காலம் கிடந்ததோ வேறு. தழைச்சத்து அம்மோனியாவாகப் பறந்தும் நீரில் கரைந்தும் போய்விடும்; மணிச்சத்து மட்டும் தங்கும். இரண்டும் கடையில் ஒரே பெயரில்தான் விற்கின்றன. பழையதைக் கீரைக்குப் போட்டால் இலை பச்சை பிடிக்காது. புதியதைக் கத்தரிக்கு அள்ளிப் போட்டால் செடி தழைக்கும், பூக்காது.

இனி அளவு. தேசியப் பூங்காக் கழகம் வாடகைக்கு விடும் பாத்தி 2.5 மீட்டர் நீளம், 1 மீட்டர் அகலம். தழைச்சத்து 10 விழுக்காடு உள்ள குவானோ என்றால், ஒரு கீரைப் பயிருக்கு அந்தப் பாத்திக்கு 250 கிராம் போதும். விதைக்கும்போது பாதி, முளைத்துப் பதினைந்து நாள் கழித்து மீதி. 25 சென்டிமீட்டர் தொட்டிக்கு ஒரு தேக்கரண்டி. மணிச்சத்து மிகுந்த பழைய வகையை மேலே தூவிப் பயனில்லை. மணிச்சத்து மண்ணில் அதிகம் நகராது, எனவே நடும்போதே வேர் போகும் ஆழத்தில் கலந்துவிட வேண்டும். நீரில் ஊறவைத்து ஊற்றுவதானால் லிட்டருக்கு ஒரு தேக்கரண்டி, ஒரு நாள், வடிகட்டி அன்றே தீர்த்துவிடுங்கள். வாளியை இறுக மூடுங்கள்; திறந்த நீரில் ஏடிஸ் கொசு முட்டையிடும்.

அதிகமானால் முதலில் இலை நுனி கருகும். மணிச்சத்து மிஞ்சினால் இரும்பும் துத்தநாகமும் வேருக்குக் கிடைக்காது; இளம் இலைகளில் நரம்பு மட்டும் பச்சையாக நிற்க, இடையெல்லாம் மஞ்சளாகும். அதைச் சத்துக்குறை என்று எண்ணி இன்னொரு பிடி போடுவதுதான் பெரும் தவறு. சுண்ணாம்போடும் அடுப்புச் சாம்பலோடும் கலக்காதீர்கள்; தழைச்சத்து காற்றில் போய்விடும். சுண்ணாம்பிட்ட பாத்தியில் இரண்டு வாரம் கழித்தே போடுங்கள். மழை இருட்டிக்கொண்டு வரும்போது போடவே வேண்டாம். நம் நிலப்பரப்பில் மூன்றில் இரண்டு பங்கு நீர்ப்பிடிப்புப் பகுதி. பாத்தியிலிருந்து வழியும் சத்து கால்வாய் வழியே நீர்த்தேக்கத்துக்குப் போய்ப் பாசியை வளர்க்கும்.

வௌவால் எச்சத்தூளில் நுரையீரலைத் தாக்கும் ஹிஸ்டோபிளாஸ்மா பூஞ்சை இருக்கலாம். N95 முகக்கவசம் அணிந்து, நீர் தெளித்து நனைத்த பிறகே அள்ளுங்கள். புளோக்கின் கீழ்த்தளத்தில் உலர்வாகச் சலிக்க வேண்டாம். சன்னல் விளிம்புப் புறாக்களின் எச்சத்தை இதற்கு மாற்றாக எண்ணவும் வேண்டாம். அதிலும் நோய்க் கிருமிகள் உண்டு.

இனி, எங்கிருந்து வந்தது என்ற கேள்வி. சிங்கப்பூருக்கு இது அந்நியக் கதையல்ல. இந்தியப் பெருங்கடலிலுள்ள கிறிஸ்மஸ் தீவு 1900 முதல் நீரிணைக் குடியேற்றங்களோடு சேர்ந்து இங்கிருந்து ஆளப்பட்டது. 1958ல்தான் ஆஸ்திரேலியாவுக்குப் போனது. அங்கு மணிச்சத்து உரம் தரும் பாஸ்பேட் கனிமத்துக்காக உயர்ந்த மரங்களை வெட்டினார்கள். உலகில் அந்தத் தீவில் மட்டுமே கூடு கட்டும் அப்பட் பூபி என்ற கடற்பறவையின் மரங்கள் அவை. வெட்டிய வெளிகளால் சுழலும் காற்று, எஞ்சிய மரங்களில் இருந்த குஞ்சுகளையும் கீழே தள்ளியது. ஒரு தடவைக்கு ஒரே முட்டையிடும் பறவைக்கு அந்த இழப்பு எளிதில் ஈடாகாது.

பெருவும் இந்தப் பாடத்தைத் தாமதமாகத்தான் கற்றது. 1840களில் தொடங்கி முப்பதே ஆண்டுகளில் சின்சா தீவுகளின் எச்சக் குன்றுகளைச் சுரண்டித் தீர்த்தார்கள். 1909ல் அரசு பொறுப்பேற்று, காவல் போட்டு, தீவுகளை மாற்றி மாற்றி ஓய்வில் விட்ட பிறகே பறவைகள் பெருகின.

குகைகளில் கணக்கு இன்னும் நுட்பமானது. வெளிச்சம் புகாத குகையில் பெரும்பாலான உயிர்களுக்கு அந்த எச்சமே சோறு. பத்துமலைக் குகைகளில் 1860களில் சீனக் குடியேறிகள் காய்கறித் தோட்டங்களுக்காக அதைத் தோண்டி எடுத்தார்கள். இப்பகுதிக் குகைகளில் தங்கும் தேனுண்ணும் வௌவால்தான் இரவில் டுரியான் பூக்களில் மகரந்தம் சேர்க்கிறது. குட்டி போடும் பருவத்தில் ஆட்கள் புகுந்தால் தாய்கள் கலைந்து பறக்கும், குட்டிகள் விழுந்து சாகும். ஆகவே விற்பவரிடம் கேளுங்கள்: எந்த மாதத்தில் எடுத்தீர்கள்? வௌவால்கள் வெளியே போயிருந்தபோதா? எச்சத்தின் அடி அடுக்கை விட்டுவைத்தீர்களா?

பதில் வராவிட்டால் அந்தப் பணத்துக்கு மட்கு உரம் வாங்குங்கள். பாத்திக்கு 5 கிலோ போட்டு மண்ணோடு கிளறிவிட்டால் கீரை நன்றாகவே வரும்.

அன்புடன்,
தோட்டக்கலை ஆர்வலர்கள் சிலர்
சிங்கப்பூர்