நீதிமன்றம் ஏறியது எங்கள் விருப்பத்தில் அல்ல

மதிப்புக்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

அரசாங்க உத்தியோகத்தர் இறந்தபின் குடும்ப ஓய்வூதியம் இழுபடுவது பற்றிச் சென்ற ஞாயிறு இதழில் வந்த கட்டுரையைப் படித்தேன். குடும்பத்துக்குள் பேசித் தீர்க்க வேண்டியதை நீதிமன்றத்துக்குக் கொண்டுபோவதால்தான் தாமதம் என்று அதில் ஒரு வரி. வேறு பத்திரிகையில் வந்திருந்தால் பேசாமல் இருந்திருப்பேன். உங்கள் பத்திரிகையில் பார்த்ததுதான் மனதை நோகச் செய்தது.

என் அக்காவின் கணவர் அரசாங்க அலுவலகத்தில் லிகிதராக, அதாவது எழுதுவினைஞராக இருந்து, சேவைக் காலத்திலேயே காலமானார். அந்தியேட்டிச் சடங்கு முடிந்த கையோடு அக்கா விண்ணப்பம் கொடுத்தார். கொஞ்ச நாளில் அலுவலகத்துக்கு ஒரு மொட்டைக் கடிதம் வந்தது, அத்தானுக்கு வேறு ஊரில் முதல் மனைவி இருக்கிறாராம். பெயரும் இல்லை, ஒப்பமும் இல்லை. அப்படி ஒரு பெண் இன்றுவரை உரிமை கேட்டு வரவும் இல்லை. ஆனால் அக்காவின் விண்ணப்பக் கோவை அன்றைக்கே நின்றுவிட்டது. சட்டப்படியான மனைவி நீங்கள்தான் என்று மாவட்ட நீதிமன்றத்தில் தீர்ப்பு வாங்கி வாருங்கள் என்றார்கள். சொல்லுங்கள் ஐயா, இதில் யாரோடு பேசித் தீர்ப்பது?

விவாகச் சான்றிதழ் எங்கே என்று கேட்கிறார்கள். 1990 இல் மறுபடி போர் மூண்டபோது திருகோணமலையில் என்ன நடந்தது என்று உங்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை. உடுத்த துணியோடு ஓடினோம். சான்றிதழ் வீட்டோடு எரிந்தது. பிரதி எடுக்கப் போனால் பதிவேட்டில் அந்தப் பக்கங்களே இல்லை. கடற்கரைப் பக்கத்துச் சனங்களுக்கு மிஞ்சியிருந்த கடதாசியையும் 2004 இல் சுனாமி கொண்டுபோனது.

சரி, அக்காவிடம் இல்லை. அலுவலகத்திடம் இருக்கிறதே! அத்தானின் சுயவிபரக் கோவையில் மனைவி என்று அக்காவின் பெயரை அவரே எழுதிக் கொடுத்திருக்கிறார். வருடா வருடம் உத்தியோகத்தர் குடும்பத்துக்கான இலவச ரயில் பயண வாரண்டை அக்காவின் பெயரையும் சேர்த்து எழுதிக் கொடுத்தது இதே அலுவலகம்தான். பிள்ளைகளின் பிறப்புச் சான்றிதழில் பெற்றோர் விவாகஞ் செய்தவர்களா என்ற கூட்டில் "ஆம்" என்று இருக்கிறது. வாரண்டுக்கு மனைவியாக இருந்தவர் ஓய்வூதியத்துக்கு மட்டும் எப்படி இல்லாமல் போவார்?

பதிவு இல்லாவிட்டாலும் வழக்கப்படி தாலி கட்டிய திருமணம் செல்லும். ஊரும் உறவும் ஏற்கக் கணவன் மனைவியாக வாழ்ந்தவர்களை, மாறான சான்று வரும்வரை மணமானவர்களாகவே நமது நீதிமன்றங்கள் கொள்கின்றன. ஆனால் அலுவலகத்து மேசையில் கையெழுத்தில்லாத ஒரு துண்டுக் கடிதத்துக்கு இருக்கிற மதிப்பு இதற்கெல்லாம் இல்லை.

இது தர்மக் காசும் அல்ல. விதவைகள், அநாதைகள் ஓய்வூதிய நிதிக்கான கட்டளைச் சட்டம் 1898 ஆம் ஆண்டே வந்தது. அத்தான் உயிரோடு இருந்தவரை மாதாமாதம் சம்பளத்தில் அதற்கென்று வெட்டினார்கள். வெட்டும்போது யாரும் மனைவிக்குச் சான்று கேட்கவில்லை.

ஒருநாள் நானும் அக்காவோடு போயிருந்தேன். வரிசையில் அத்தனை பேர் நிற்க, என் பிள்ளை வயதுடைய ஓர் உத்தியோகத்தர் "கடைசிவரைக்கும் அவர் உங்களோடதான் இருந்தவரோ?" என்று சத்தமாகக் கேட்டார். அக்கா முந்தானையை இழுத்து மூடிக்கொண்டு பதில் சொல்லாமல் நின்றார். அவர் அப்படி நின்றதை நான் மறக்க மாட்டேன். அப்புறம் கொழும்பிலிருந்து வந்த கடிதம் முழுவதும் சிங்களம். தமிழும் அரச கரும மொழி என்று 1987 இல் அரசியலமைப்பில் எழுதியாயிற்று. இன்னும் நாங்கள் கடிதத்தை வாசித்துச் சொல்ல ஆள் தேடி அலைகிறோம்.

வழக்கு தவணை தவணையாகப் போய்க்கொண்டிருக்கிறது. சட்டத்தரணிக்குக் கொடுக்க அக்கா காப்பை அடகு வைத்தார். ஓய்வூதியம் கைக்கு வருமுன்பே அந்த அடகுக்கு வட்டி கட்டுகிறார்.

உங்களிடம் பெரிதாக ஒன்றும் கேட்கவில்லை. அந்த வரிக்கு ஒரு திருத்தம் போடுங்கள். மொட்டைக் கடிதத்தால் கோவை நிறுத்தப்பட்டால் விதவை யாரிடம் முறையிடலாம், என்னென்ன ஆவணம் கொடுக்கலாம் என்பதை அந்தக் கட்டுரையாளரிடமே கேட்டு, தமிழில் ஒரு பெட்டிச் செய்தியாக வெளியிடுங்கள். அடுத்த தவணைக்கு முன் வந்தால் அக்காவுக்கும் உதவும்.

இங்ஙனம்,
ஓய்வுபெற்ற ஆசிரியர் ஒருவர்,
உவர்மலை, திருகோணமலை.