பூட்டிய வீடுகளையும் எண்ணுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

2011-க்குப் பிறகு நடைபெறும் மக்கள்தொகைக் கணக்கெடுப்புக்கு 2027 மார்ச் 1 குறிப்பு நாளாக, அதாவது எந்த நாளின் நிலவரப்படி மக்களை எண்ணுகிறார்களோ அந்த நாளாக, அறிவிக்கப்பட்டிருக்கிறது. லடாக் போன்ற பனி மூடும் பகுதிகளுக்கு மட்டும் 2026 அக்டோபர் 1 என்று தனி நாள் குறித்திருக்கிறார்கள். பருவம் பார்த்து எண்ணுவது அரசுக்குத் தெரியாததன்று என்ற தைரியத்தில், செட்டிநாட்டின் ஊருணிக்கரைச் சிற்றூர் ஒன்றில் ஆண்டு முழுவதும் குடியிருக்கும் நான் இதை எழுதுகிறேன்.

எங்கள் தெருவில் இரவில் விளக்கெரிவது மூன்று வீடுகளில்தான். மற்றவை மாசிச் சிவராத்திரிக்கும், முன்னோர்க்குப் படையலிடும் வீட்டுப் படைப்புக்கும், கோடை விடுமுறைக்கும், கல்யாணங்களுக்கும் மட்டுமே திறக்கும். சென்ற சிவராத்திரியன்று காலை ஆறு மணிக்கு நிரம்பியிருந்த மேல்நிலைத் தொட்டி ஏழரைக்குள் காலியாகிவிட, மோட்டார் போடுபவர் நான்கு முறை சைக்கிளில் போய்வந்தார். மறுநாள் ஊருணிப் படித்துறையில் கால் வைக்க இடமில்லாமல் காகிதக் குவளைகளும் எச்சில் இலைகளும் கிடந்தன. அள்ளுவதற்கு இருந்தவர் தூய்மைக் காவலர் ஒருவர், அவரிடம் இருந்தது ஒரு தள்ளுவண்டி. அவரைக் குறை சொல்ல முடியாது; ஊராட்சிக்கு ஆளும் பணமும் பெரும்பாலும் தலைக்கணக்கைப் பார்த்தே வருகின்றன.

இந்த வீடுகளுக்கு உரியவர்களான நகரத்தார்கள், அதாவது நாட்டுக்கோட்டைச் செட்டியார்கள், தங்களுக்குள் எண்ணும் முறை வேறு. மணமான தம்பதி ஒரு புள்ளி, துணையை இழந்தவர் அரைப்புள்ளி. கோலாலம்பூரில் குடியிருந்தாலும் புள்ளி என்னவோ சொந்த ஊர்க் கணக்கில்தான். கோயில் காரியங்களுக்கான வரியும் அதன்படியே விழும். அரசின் ஏடோ, ஊரில் வழக்கமாகத் தங்குபவர்களை மட்டுமே அறியும். தண்ணீர்த் தொட்டியின் பக்கத்தில் நின்று பார்த்தால், இந்த இரண்டு கணக்குமே போதவில்லை.

கனடாவின் ஆல்பெர்ட்டா மாநிலத்தில், ஏரிக்கரைகளில் 'கோடைக் கிராமம்' என்று சட்டப்படியே பெயர் பெற்ற சிற்றூர்கள் உண்டு. நிரந்தரமாக நூறு பேர்கூட வசிக்காதவை அவற்றில் பல. ஆயினும் உள்ளாட்சித் தேர்தலை வீட்டுக்காரர்கள் வந்து தங்கும் கோடையிலேயே நடத்துகிறார்கள். நகரத்தில் குடியிருந்தாலும் அங்கே வீடு உள்ளவருக்கு வாக்கு உண்டு. வெளியூரில் இருப்பவர்களுக்கு இங்கே வாக்குக் கொடுங்கள் என்று நான் கேட்கவில்லை, அதில் எனக்கு உடன்பாடும் இல்லை. ஆனால் ஒழுங்காக வீட்டு வரி கட்டுகிறவர் பத்து நாள் வந்து தங்கும்போது அவருக்கும், அவரால் எங்களுக்கும், குடிநீர் இல்லாமற்போவது நியாயமாகாது.

2011-இல் கணக்கெடுக்க வந்தவர், முன்வாசல் ஒரு தெருவிலும் பின்வாசல் அடுத்த தெருவிலும் இருக்கும் எங்கள் பக்கத்து வீட்டை இரண்டு வீடாக எழுதிவிட்டு, என் திண்ணையில் உட்கார்ந்து அழித்தெழுதினார். இம்முறை அத்தகைய வீடுகளை நிதானமாகப் பார்த்து, பூட்டிக்கிடப்பவை எத்தனை என்பதை ஊர்வாரியாக வெளியிட வேண்டும். குறிப்பு நாளுக்குப் பின் அதே வாரக் கடைசியில்தான் 2027-இன் சிவராத்திரி வருகிறது. அன்றும், சித்திரையில் ஒரு நாளும், ஊரில் தங்கியிருப்போரை ஊராட்சி ஊழியர்களைக் கொண்டு மாவட்ட நிர்வாகம் எண்ணிவைத்தால், அந்த நாட்களுக்குக் குடிநீர் லாரியும் கூடுதலாக இரண்டு தூய்மைப் பணியாளர்களும் கேட்பதற்கு எங்கள் கையில் ஓர் எண்ணாவது இருக்கும்.

இப்படிக்கு,
வாசகர் ஒருவர்,
காரைக்குடி வட்டம்.